நாலு கண்டன்சர்

சுலோச்சனா அக்காவின் வீட்டுக்காரர் கஜபதியை நான் பாவா என்றுதான் கூப்பிடுவேன். திருவாலங்காட்டில் ஒன்றரை ஏக்கர் கழனி, ஒரு போர்வெல், ஒரு மோட்டார். இவற்றைத் தவிர வேறெதையும் அவர் நம்புவதில்லை. இந்த ஆடியில் மோட்டாரும் கைவிட்டது.

சொர்ணவாரி நெல் பால் பிடிக்கிற நேரம். தண்ணீர் நின்றால் பதர்தான். பகலில் மூன்று பேஸ் கரண்டில் இரண்டுதான் வரும். வராத ஒன்றுக்குப் பதில் கண்டன்சர் போட்டு மோட்டாரை ஓட்டுவது எங்கள் பக்கத்தில் எல்லோரும் செய்வது. பாவாவின் பழைய கண்டன்சர் உப்பிப்போனது. திருத்தணி கடையில் “எழுபத்திரெண்டு குடு” என்று மைக்ரோஃபாரட் கணக்கை மட்டும் சொல்லிக் கேட்டு, சும்மா சும்மா அலைய முடியாதென்று ஐந்தாக வாங்கி வந்தார். முதலாவதைப் போட்டு ஸ்விட்சைத் தட்டினார். கொஞ்ச நேரத்தில் வெடித்தது. ஸ்டார்ட்டர் பெட்டி முழுக்க அதிலிருந்த எண்ணெய்.

“டூப்ளிகேட்டத் தள்ளிட்டான் மச்சான்.”

அக்கா பழசையும் புதுசையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். “எழுபத்திரெண்டு ரெண்டுலயும் கீது. ஆனா பழசுல 440 வோல்ட்டு, இதுல 250. இதையெல்லாம் பாக்க மாட்டீங்களா?”

“வூட்டுக்கு வர்றதே எரநூத்தி முப்பதுதான். எரநூத்தம்பது பத்தாதா? நீ இன்னா லைன்மேனா?”

மறுநாள் பாவாவும் நானும் மாற்றிவரப் போனோம். கிருத்திகைக் கூட்டம். பஸ்ஸை ஊருக்கு வெளியிலேயே நிறுத்திவிட்டார்கள். காவடிகளுக்கு நடுவே மீதி நாலு கண்டன்சரையும் மார்போடு அணைத்துக்கொண்டு பாவா முட்டி மோதி நடந்தார்.

கடைக்கார ஆதிகேசவன் தலையிலடித்துக்கொண்டார். “மோட்டாருக்குன்னு சொன்னீங்களா? ரெண்டு பேஸுக்கு நடுவுல நானூறுக்கு மேல ஓடுதுங்க. வூட்டு லைட்டுக் கணக்கெல்லாம் அங்க ஆவாது.”

“சரி, மாத்திக் குடு.”

“எலக்ட்ரிக் சாமான் ரிட்டர்ன் கெடையாதுங்க. 440ம் ஸ்டாக் இல்ல. கிருத்திகை முடிஞ்சாதான் லோடு வரும். வேணும்னா ரெண்ட ஒண்ணு பின்னால ஒண்ணா கட்டுங்க, வோல்ட்டு தாங்கும். ஆனா...”

பாவா அந்த ‘ஆனா’வுக்கு நிற்கவில்லை. “முருகன் வாசல்லயே கொள்ளையடிக்கிறானுங்க” என்று படியிறங்கிவிட்டார்.

ஊர் வந்ததும் நேரே கழனிக்குப் போய் இரண்டைக் கட்டினார். வெடிக்கவில்லை. மோட்டார் மட்டும் உர்ரென்று உறுமியதே தவிர சுற்றவில்லை. அக்கா ஓடிவந்து ஸ்விட்சை அணைத்தாள். “மோட்டார் காயிலு எரிஞ்சிடப் போவுது!”

பாவா வரப்பில் உட்கார்ந்து மண்ணாங்கட்டியை எடுத்துப் பெட்டிமேல் எறிந்தார். அக்கா கடைக்குப் போன் போட்டாள். அரோகராச் சத்தத்துக்கு நடுவே ஆதிகேசவன் கத்தினார்: “அதைத்தான் சொல்ல வந்தேன்மா, அவரு எங்க நின்னாரு! அப்படிக் கட்டினா எழுபத்திரெண்டு பாதியாயிடும். இன்னொரு ஜோடி கட்டி, மொத ஜோடிக்குப் பக்கத்துல சேத்துப் போடுங்க, பழையபடி எழுபத்திரெண்டு வந்துடும்.”

ஒன்றின் வேலைக்கு நாலு. மோட்டார் சுற்றியது. தண்ணீர் கொட்டியது.

பாவா சிரிக்கவில்லை. மேல்கழனியில் ஒரு நெல்லை நசுக்கினார், பால் வந்தது. கீழ்க்கழனியில் நசுக்கினார். உமிதான் விரலில் ஒட்டியது. இன்னொன்று, அதுவும் உமி.

“மடையைக் கீழ தொறக்கட்டுமா பாவா?” என்றேன்.

“ஆங், தொற. நெல்லுக்குப் பாயுதோ பதருக்குப் பாயுதோ, பாயட்டும்.”

மண்வெட்டியை என்னிடம் கொடுத்துவிட்டு, பெட்டிக்குப் பக்கத்திலேயே குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். நாலில் எது முதலில் உப்பும் என்று பார்த்துக்கொண்டே இருந்தார்.