துரைசானியின் நீலப்பூ

மலாயாவுக்குச் சுதந்திரம் வந்த மெர்டேக்காவுக்கு முந்திய வருஷம் காஜா பேராங்கில் ஒரு துரை வீட்டில் தோட்ட வேலை பார்த்தேன். துரைசானி சீமையிலிருந்து தருவித்த விதையைக் குளக்கரைச் சேற்றில் முளைக்க வைத்து, வெயில் படாமல் தென்னங்கீற்று சாத்தி, அந்தச் சின்ன நீலப்பூவைப் பூக்க வைத்தது நான். விருந்தாளிகளிடம் அவள், "எல்லாம் என் கையால் வளர்த்தது" என்றாள். எனக்கும் அந்த அளவு இங்கிலீஷ் புரியும்.

சீமைக்கே திரும்பிக் கிளம்புமுன் பூக்களோடு படம் பிடிக்க ஆள் வரச் சொல்லியிருந்தாள். அன்று காலை அத்தனையையும் வேரோடு பிடுங்கிவிட்டு, கரை முழுக்கக் கங்கோங் கீரை நட்டேன்.

"பூவெல்லாம் எங்கே?" என்று கத்தினாள்.

"தொரசானி கையால வளத்ததுதானே, தொரசானிக்குத்தான் தெரியும்" என்றேன்.

அப்போதே வேலை போயிற்று. வீடு வரைக்கும் சிரித்துக்கொண்டே நடந்தேன். அந்தச் செடிகளை நினைத்தால் மட்டும் இன்றும் மனசு உறுத்துகிறது.