நெல் காயும் களத்தில் ஒரு வளையம்

இதில் ஒரு வரி பொய்யென்றால் நாளைக் காலையில் என் பல்செட் எனக்கே பொருந்தாமல் போகட்டும். தெருவுக்கே கேட்கிற மாதிரி சத்தம் போட்டுச் சொல்கிறேன், அத்தனையும் நிஜம். எங்காவது கொஞ்சம் கூடுதலாகத் தெரிந்தால் அது என் குரல், சங்கதி இல்லை.

பாஸ்கெட்பால் கோர்ட்டைப் பார்த்துக்கொள்கிற தொழில் இருக்கிறதே, அது கல்யாண மண்டபத்து வாசலில் செருப்பைப் பார்த்துக்கொள்கிற மாதிரி. வருகிறவர்கள் எல்லாரும் சந்தோஷமாக வருவார்கள், திட்டு மட்டும் நமக்கு. கேரம் கிளப், ஷட்டில் கோர்ட், ஸ்னூக்கர் டேபிள் என்று எதையாவது வைத்துக்கொண்டு முழிக்கும் சக பாவிகளே, உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

என் இடம், பாபநாசத்துக்கும் அய்யம்பேட்டைக்கும் நடுவே ஒரு நெல் மில். முன்னால் நெல் காயப்போடும் சிமெண்ட் களம். களத்தின் ஓரத்தில் ஒரு இரும்புக் கம்பம், அதில் வளையம். மில்லின் பழைய ஆபீஸ் அறையில் ஒரு டிவி, ஒரு வீடியோ கேம் பெட்டி, இரண்டு ஜாய்ஸ்டிக். கம்பமும் பெட்டியும் ஷார்ஜாவிலிருந்து ஊர் திரும்பிய ஜபருல்லா பாய் வாங்கி வைத்தவை. களமும் அறையும் மில் முதலாளி கோவிந்தராஜுடையவை. வசவு வாங்கும் உரிமை என்னுடையது. மூக்குக் கண்ணாடியும் விசிலுமாக வாசலில் உட்கார்ந்திருக்கும் எனக்கு ஊர் வைத்த பெயர் பெரியப்பா.

அறுவடைக் காலத்தில் கம்பத்தடியில் நெல் பரப்பியிருக்கும். அங்கேதான் வெயில் நின்று அடிக்கும். மிச்ச இடத்தில்தான் ஆட்டம், அதுவும் வெறுங்காலோடு. செருப்புக் காலை நெல்லுக்குள் வைத்தால் முதலாளி விடமாட்டார். முதலாளி விட்டாலும் நான் விடமாட்டேன்.

அவிந்த பந்து

டிராக்டர் ஓட்டும் செல்லதுரை எங்கள் ஆட்டக்காரர்களிலேயே உயரமானவர். ஒருநாள் அவர் எறிந்த பந்து வளையத்தை விட்டுவிட்டு மில்லுக்குள் போய், நெல் அவிக்கிற தொட்டியில் விழுந்துவிட்டது. யாரும் கவனிக்கவில்லை. நெல்லோடு நெல்லாக அதுவும் ஓர் அவியல் கண்டது. எடுக்கும்போது நடுத்தரமான பரங்கிக்காய் அளவுக்கு இருந்தது. செல்லதுரை அதைத் தரையில் ஒரு தட்டுத் தட்டினார். மேலே போனது. நாங்கள் எல்லாரும் டீ குடித்து, டம்ளரைக் கழுவிக் கவிழ்த்த பிறகுதான் திரும்பி வந்தது.

அந்தப் பந்தைத் தூக்கிப் போட மனசு வராமல் அதையே வைத்துப் பழகினோம். எங்கள் காப்டன் வசந்தி, கூட்டுறவு வங்கியில் கிளார்க், காலேஜ் நாளில் ஆடியவர். "முட்டிக்கு மேல எழும்ப விடாதீங்க. குனிஞ்சு, விரல் நுனியால மட்டும் தட்டுங்க, உள்ளங்கை படவே கூடாது" என்றார். அந்த மூர்க்கப் பந்தை முட்டிக்குக் கீழே அடக்கப் பழகிய கைக்கு, கடையில் வாங்கிய பந்து ஆட்டுக்குட்டி மாதிரி பின்னாலேயே வந்தது. தட்டித் தட்டித் தோல் உரிந்து அது வெடித்த அன்றைக்குச் செல்லதுரைக்குச் சாப்பாடு இறங்கவில்லை. "பெரியப்பா, இன்னொண்ணைத் தொட்டியில போட்டுப் பாப்போமா? இந்தத் தடவை பச்சரிசிப் பதத்துலயே எடுத்துருவோம்" என்றார்.

பாய் மூச்சு வாங்கியது

ஜபருல்லா பாய் பணம் போட்டு வாங்கிய பாஸ்கெட்பால் கேமில் பாய்க்கே தோல்வி. டிவியில் அவருடைய ஆள் முதல் நிமிஷத்தில் புலி, அதற்குப் பிறகு புளிமூட்டை. பக்கத்தில் உட்கார்ந்து வசந்தி ஆடுவார், அவருடைய ஆள் அலட்டிக்கொள்ளாமல் நடப்பான், பந்தைக் கைமாற்றுவான், நிற்பான், போடுவான். பாய் ஜாய்ஸ்டிக்கில்தான் கோளாறு என்று என்னைப் பிடித்துக்கொண்டார். நான் ஜாய்ஸ்டிக்கை மாற்றிக் கொடுத்தேன். கோளாறும் கூடவே மாறி வந்தது.

வசந்திதான் கண்டுபிடித்தார். "பாய், ஓடுற பட்டன்லேர்ந்து விரலை எடுக்கவே மாட்டேங்குறீங்க. உங்க ஆளு காலடியில ஒரு கோடு குறைஞ்சுக்கிட்டே வருது பாருங்க. அது அவன் மூச்சு." பாய் திகைத்துப் போனார். களத்திலும் அவர் அப்படித்தான், விசில் ஊதினதும் காரணமில்லாமல் ஓடி, பந்து வரும் நேரத்தில் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நிற்பார். அன்று முதல் நிதானம் பழகினார். எந்த அளவுக்கு என்றால், ஒருநாள் ஆட்டத்தின் நடுவில் வாய்க்கால் பக்கமிருந்து ஒரு கொக்கு வந்து அவர் தோளில் உட்கார்ந்தது. கொக்கு கலையாமல் பந்தை வாங்கி, கலையாமல் வளையத்தில் போட்டார். கூப்பிட வந்த அவர் மனைவி வாசலில் நின்று இதைப் பார்த்துவிட்டு என்னிடம் சொன்னார்: "வீட்டுல ஒரு குடம் தண்ணி எடுங்கன்னா இவரு எப்பவுமே இந்த வேகம்தான் பெரியப்பா. பந்துக்கு இப்பதான் தெரிஞ்சிருக்கு."

கை காட்டித் திரும்புகிறவர்

செல்லதுரைக்கு வேறு வியாதி. டிவியில் அவருடைய ஆள் வலது பக்கம் திரும்ப வேண்டுமென்றால் இவர் நாற்காலியோடு வலது பக்கம் சாய்வார். மூன்று நாற்காலி போயிற்று. களத்தில் இன்னும் மோசம். எந்தப் பக்கம் போகப் போகிறாரோ அந்தப் பக்கம் முன்கூட்டியே கையை நீட்டிவிடுவார். டிரெய்லர் நிறைய வைக்கோலை ஏற்றிக்கொண்டு காலம் முழுக்க ரோட்டில் திரும்பிய பழக்கம், என்ன செய்வது? எதிராளி சாவகாசமாக அங்கே போய் நின்றுகொள்வான்.

நிறுத்தச் சொல்லிப் பார்த்தோம், கை கேட்கவில்லை. வசந்தி கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டு, "அண்ணே, கையை நீட்டுங்க, பரவாயில்ல. ஆனா போறது மட்டும் அந்தப் பக்கம் போகாதீங்க" என்றார். அவ்வளவுதான். அடுத்த ஆட்டத்தில் செல்லதுரை வலது கையை நீட்டினார், இடது பக்கம் பறந்தார். தடுக்க நின்ற ரெடிமேட் கடைக்காரர் வலது பக்கம் பாய்ந்த வேகத்தில் காம்பவுண்டைத் தாண்டி வாழைத்தோப்புக்குள் போய்விட்டார். உடம்பெல்லாம் சருகோடு திரும்பி வந்து என்னிடம் நியாயம் கேட்டார்: "கையக் காட்டிட்டு வேற பக்கம் திரும்புனா ரோட்டுல கேஸ் எழுதுறாங்க. இங்க பாயிண்ட் குடுக்குறீங்களா?"

முதலாளி வைத்த கெடு

குறுவை அறுவடை வந்தது, கூடவே மழையும் வந்தது. முதலாளிக்கு மில்லோடு வயலும் உண்டு. ஈரம் கூடுதல் என்று அவருடைய நெல்லையே கொள்முதல் நிலையத்தில் திருப்பிவிட்டார்கள். வந்த கோபத்தில் என்னிடம், "களத்துல காய வெச்சு மாளாதுண்ணே. நெல் உலர்த்துற மிஷின் வாங்கப் போறேன். அந்தக் கம்பம் இருக்குற எடம்தான் தோது" என்றார். வசந்தி, பாய், செல்லதுரை மூன்று பேரும் போய் நின்றார்கள். முதலாளி மீசையைத் தடவிக்கொண்டு, "தஞ்சாவூர்ல மூணு பேர் ஆட்டம் நடக்குதாமே. ஒரே ஒரு ஆட்டம் ஜெயிச்சுட்டு வாங்க, கம்பம் நிக்கட்டும். தோத்தா காயலான் கடை லாரி வரும்" என்றார்.

பாய்க்கு டிவி இருக்கிறது, செல்லதுரைக்கு டிராக்டர் இருக்கிறது. வசந்திதான் முகம் வாடிப்போய் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். வங்கி முடிந்து வீட்டுக்குப் போகிற வழியில் அவர் வண்டி நிற்கிற இடம் இது ஒன்றுதான். வேறு இடம் பார்க்கலாமே அம்மா என்று சமாதானம் சொன்னேன். அவர் சொன்னது: "பேங்க்ல மேடம்ங்குறாங்க, வீட்டுல அம்மாங்குறாங்க. வசந்தி, பந்த இங்க போடுன்னு பேர் சொல்லிக் கத்துறது இந்தக் களத்துல மட்டும்தான் பெரியப்பா."

மஞ்சள் கட்டம்

தஞ்சாவூரில் கூரை போட்ட கோர்ட். வழவழ தரை. ஷூ போடாமல் இறங்கக் கூடாது என்றார்கள். செல்லதுரை மச்சானிடம் கடன் வாங்கிய ஷூவோடு இறங்கினார். எதிர் டீம் காப்டன் பிரவீன், பேச்சிலும் கெட்டிக்காரர். ஆனாலும் முதல் பாதி முழுக்க எங்கள் கைதான் ஓங்கியிருந்தது. பாய் மூச்சைச் சேமித்தார். வசந்தி தூரத்திலிருந்தே சொல்லி வைத்த மாதிரி போட்டார்.

பிறகுதான் செல்லதுரைக்கு வழி கிடைத்தது. கையை ஒரு பக்கம் நீட்டி, மறுபக்கம் புகுந்து, வளையத்தை நோக்கித் தனியாக ஓடினார். வளையத்துக்கு அடியில் அந்தக் கட்டத்துக்கு மஞ்சள் பெயிண்ட் அடித்திருந்தார்கள், அசல் காய்ந்த நெல்லின் நிறம். கட்டத்தின் விளிம்பில் செல்லதுரை சடாரென்று நின்றார். பந்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, ஒற்றைக் காலில் நின்று, ஷூவைக் கழற்ற ஆரம்பித்தார். ஒன்றைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு மற்றதற்குக் குனிந்தபோது பிரவீன் வந்து கக்கத்திலிருந்த பந்தைப் பூப் பறிக்கிற மாதிரி எடுத்துக்கொண்டு போனார். "அண்ணே, அது பெயிண்ட்டு, நெல்லு இல்ல" என்று வசந்தி கத்தியும் பிரயோஜனமில்லை. அடுத்த தடவையும் செல்லதுரை அங்கே நின்றார். அதற்கடுத்த தடவை பாயும் நின்றார். தோற்றோம். நடுவர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு மரியாதையாகக் கேட்டார்: "உங்க டீம்ல இவங்க ரெண்டு பேருக்கும் ஏதாவது வேண்டுதலா சார்?"

ஞாயிற்றுக்கிழமை

விஷயத்தைக் கேட்டுச் சிரித்து ஓய்ந்த பிரவீன், அந்தக் களத்தைக் கண்ணால் பார்த்தே ஆகவேண்டும், ஞாயிற்றுக்கிழமை அங்கேயே மறு ஆட்டம் ஆடலாம் என்றார். லாரி திங்கட்கிழமைக்குச் சொல்லியாகிவிட்டது. முதலாளியிடம் ஓடினேன். "சரி, கடைசி தடவை. இதுலயாவது ஜெயிக்கச் சொல்லுங்கண்ணே" என்று இறங்கி வந்தார்.

நான்தான் நடுவர், நான்தான் கணக்கு. கணக்கை மனசிலேயே வைத்திருந்தேன், எழுதி வைத்தால் மாற்ற முடியாது. வெறுங்காலில் சூடு தாங்காமல் தஞ்சாவூர்க்காரர்கள் ஆடியதை விடத் துள்ளியதுதான் அதிகம், ஆனாலும் விட்டுக்கொடுக்கவில்லை. சமமாகவே போய், கடைசியில் ஒரு கூடை போட்டால் வெற்றி என்கிற இடத்தில் பந்து வசந்தி கையில். எதிரில் ஆளில்லை. அவருக்குக் கண்ணை மூடிக்கொண்டு போடுகிற தூரம். அப்போது கும்பகோணம் பக்கம் கருத்தது. முதல் சொட்டு வசந்தியின் மணிக்கட்டில் விழுந்ததை நான் பார்த்தேன்.

வசந்தி வளையத்தைப் பார்த்தார். வளையத்துக்குக் கீழே பரப்பியிருந்த நெல்லைப் பார்த்தார். பந்தைக் கீழே போட்டுவிட்டு நெல் தள்ளுகிற பலகையைத் தூக்கிக்கொண்டு ஓடினார். செல்லதுரையும் பாயும் அவருக்கு முன்னால் ஓடினார்கள். பிரவீனுக்கு ஒன்றும் புரியவில்லை. "என்னங்க, ஆட்டம்?" என்றார். "ஆட்டம் கெடக்கட்டும் தம்பி, அந்த முனையில படுதாவைப் பிடிங்க" என்றார் வசந்தி. பிடித்தார்கள் பாருங்கள், அதுதான் பாஸ்கெட்பால். குனிந்த முதுகு நிமிராமல் ஒருவர் குவிக்க, ஒருவர் பெருக்க, படுதா பறக்காமல் ஓரத்துக்கு வைக்கிற செங்கல்லைக் கைக்குக் கை வீசிப் பிடித்து, பொத்தென்று மழை கொட்டுகிற நேரத்துக்குக் களத்தில் மூடாத நெல் ஒரு மணி இல்லை. ஒவ்வொரு துளியும் இளநீர்க் காய் அளவு. பொய்யென்றால் என் பல்செட்டைக் கேளுங்கள்.

நனைந்துகொண்டே வண்டியில் பதறி வந்த முதலாளி, மூடிக் கிடந்த அம்பாரத்தைப் பார்த்தார். மில் கூரைக்கடியில் தலை துவட்டிக்கொண்டு நின்ற ஆறு பேரையும் பார்த்தார். யார் ஜெயித்தார்கள் என்று அவர் கேட்கவே இல்லை. வசந்தி மட்டும் கம்பத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். முதலாளி படுதாவின் ஓரத்தைத் தூக்கி, நெல்லுக்குள் கைவிட்டுப் பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பினார்: "லாரிக்காரனை வரவேண்டாம்னு சொல்லிடுங்கண்ணே. கரண்டு போனா மிஷின் நின்னுரும், இதுங்க நிக்கல. அந்தத் தஞ்சாவூர்த் தம்பிகளையும் வாராவாரம் வரச் சொல்லுங்க, குறுவை இன்னும் பாதி வயல்லதான் கெடக்கு."

ஆக, கோர்ட் நடத்துகிறவனுக்குப் பந்தை விட நாக்கைத் தட்டி ஆடத் தெரிய வேண்டும். அன்றைய வெற்றி உங்களுக்குத்தான் என்று வசந்தி காதில் ஒரு தடவையும் பிரவீன் காதில் ஒரு தடவையும் நான் ஓதியிருக்கிறபடியால், இந்தக் கதையை நீங்கள் யாரிடம் வேண்டுமானாலும் சொல்லுங்கள், சொன்னது யார் என்று மட்டும் மூச்சு விடாதீர்கள்.