சுடலைமுத்து மிதித்த றேடியோ

மிதிக்க ஏறுமுன் சுடலைமுத்து இரண்டு கெண்டைக்கால்களிலும் வேப்பெண்ணெய் தேய்த்துக்கொள்கிறார். சாரத்தைத் தொடைக்கு மேலே தூக்கிச் செருகுகிறார். பின்சில்லு நிலத்தில் படாதபடி ஸ்டாண்ட் போட்டு நிறுத்திய பழைய சைக்கிளில் ஏறி உட்கார்ந்து, தொண்டையை ஒருமுறை செருமுகிறார். பிறகு மிதிக்கத் தொடங்குகிறார். சைக்கிள் ஓர் அங்குலமும் நகராது. டயரில் உரசும் டைனமோவிலிருந்து இரண்டு வயர்கள் வேலியின் பூவரசங் கதியாலில் தொங்கும் றேடியோவுக்குப் போகின்றன. அரை நிமிடத்தில் இலண்டன் வானொலி தமிழில் பேசும். வன்னிக்குள் பற்றறி கொண்டுவர அரசாங்கம் தடை போட்டிருக்கிறது. "தடை போட்ட தொரமாரு என் கால மறந்துட்டாங்க" என்பது இந்த விடயத்தில் சுடலைமுத்துவின் அரசியல் ஆய்வு.

தர்மபுரத்தில் அவருடைய ஒழுங்கைச் சனத்துக்கு அந்த முற்றம்தான் வானொலி நிலையம். செய்தி நேரத்துக்கு நாற்பது பேர் கூடிவிடுவார்கள். குண்டுக்குப் பதுங்கப் பங்கர் வெட்டியபோது குவிந்த மண்மேடு கலரி. முன்னால் ஒரேயொரு கதிரை, அது அப்புத்துரை மாஸ்டருக்கு. சுடலைமுத்துவின் மனைவி காமாட்சி தேத்தண்ணீரும் கடிக்கப் பனங்கட்டியும் கொடுப்பாள். பதினெட்டு வருடம் "உந்தத் தோட்டக்காட்டான்" என்று அவரை இளக்காரமாகக் குறிப்பிட்டுவந்த பக்கத்து வளவு வீரகத்தி, பற்றறி தீர்ந்துபோன மாதம் முதல் அவரை "அண்ணை" என்கிறார். வீட்டுக் கொண்டாட்டத்துக்கும் கூப்பிட்டு உள்ளே இருத்திச் சோறு போட்டார். அன்று சுடலைமுத்து வீட்டுக்கு வந்து காமாட்சியிடம் அந்த வீட்டுக் குசினியில் என்னென்ன சட்டி இருந்தது என்றுகூடச் சொன்னார். மனிதருக்கு அவ்வளவு சந்தோஷம்.

அவர் பிறந்தது நுவரெலியாப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம். அவருடைய அப்பா ஏதோ ஒரு படிவத்தில் கைநாட்டு வைத்ததால் கடுதாசியில் அவர் இந்தியர். இந்தியாவை அவர் கண்ணாலும் கண்டதில்லை. எழுபத்தேழு இனக்கலவரத்தில் அடிபட்டு லொறியேறி வந்து காடு வெட்டிக் குடியிருப்பது இங்கே. "நமக்கு இந்தியா, இலங்கை, ஈழமுன்னு மூணு நாடுங்க. ஒன்னுலயும் ஓட்டு இல்ல" என்று சொல்லிவிட்டு, கேட்பவர் சிரிக்கிறாரா என்று பார்ப்பார். சிரிக்காவிட்டால் இன்னொருமுறை சொல்வார்.

தன் சைக்கிளில் வேறு ஒருவரையும் ஏறவிட மாட்டார். "அது என் காலுக்குப் பழகுனதுங்க, வேற கால் பட்டா மொரண்டு புடிக்கும்." அந்தக் கால்களோ ஒளிவுமறைவு தெரியாதவை. நல்ல செய்தி வந்தால் வேகம் எடுக்கும், றேடியோ அலறும். கெட்ட செய்தி வந்தால் ஓயும், வாசிப்பவரின் குரல் கிணற்றுக்குள் போய்விடும். இதை முற்றம் கண்டுபிடித்தது சென்ற பங்குனியில், உலகக் கிண்ண இறுதியாட்டத்தின்போது.

கிரிக்கெட் அவருக்குச் சிறுவயதுப் பித்து. தோட்டத்துத் தொரமார் கிளப்பில் பந்து பொறுக்கிப் போட்டு வளர்ந்தவர். இப்போது இலங்கை அணியில் சுழற்பந்து போடும் கண்டிப் பக்கத்துத் தமிழ்ப் பையன் என்றால் உயிர். "அவன் தாத்தாவும் என் தாத்தாவும் ஒரே கப்பல்ல வாந்தி எடுத்தவங்களா இருக்கும்" என்பார். மார்கழியில் மெல்பேர்ணில் அந்தப் பையன் கையை மடக்கி எறிகிறான் என்று நடுவர் ஏழு தரம் நோபோல் சொன்னபோது, சுடலைமுத்து இரண்டு நாள் சோறு தின்னவில்லை. பட்டினியின் காரணத்தைக் காமாட்சிக்கு மட்டும் சொன்னார்.

வெளியில் எப்படிச் சொல்வது? இறுதியாட்டம் இலங்கைக்கும் ஒஸ்ரேலியாவுக்கும். முதல்நாளே மாஸ்டர் கதிரையிலிருந்து முற்றத்தின் நிலைப்பாட்டை அறிவித்துவிட்டார். மாஸ்டர் யாழ்ப்பாணத்திலிருந்து ஐப்பசி இடப்பெயர்வில் ஒரு பையுடன் வந்து பக்கத்துக் கொட்டிலில் இருப்பவர். மகன் மெல்பேர்ணில்.

"சிறிலங்காவுக்கு எதிரா ஆர் விளையாடினாலும் அவன் எங்கட ஆள். அதிலும் ஒஸ்ரேலியா எண்டால் என்ர மகன் அங்க வரி கட்டுறான். விளங்குதோ?"

எல்லோருக்கும் விளங்கியது. மறுநாள் மூன்று மணிக்குத் தர்மபுரத்து ஒழுங்கை ஒன்று முழுதாக ஒஸ்ரேலியாவாகி மண்மேட்டில் உட்கார்ந்தது. சுடலைமுத்துவின் உள்ளம் தெரிந்துபோனால் இந்த நாற்பது பேரும் எழுந்து போய்விடுவார்கள். அதன்பிறகு யார் அண்ணை என்பார்கள்? பழையபடி தோட்டக்காட்டான், அதற்குமேல் சிங்களவனுக்குக் கைதட்டியவன் என்ற பட்டமும் சேரும்.

போதாக்குறைக்கு, றேடியோவில் அகப்பட்டது சிங்கள வர்ணனை. முற்றத்தில் சிங்களம் தெரிந்தவர் அவர் ஒருவரே. காலால் மின்சாரம், வாயால் மொழிபெயர்ப்பு.

"நாலு ஓட்டமுங்க... ஒஸ்ரேலியாவுக்கு."

"உதென்ன அண்ணை, செத்தவீடு சொல்லுற மாதிரிச் சொல்லுறியள்?" என்றார் வீரகத்தி.

ஒஸ்ரேலியா ஒரு விக்கெட்டுக்கு நூற்று முப்பத்தேழு. மண்மேடு குதித்தது. றேடியோவோ முனகலாகிவிட்டது. "மிதியுங்கோ அண்ணை, மிதியுங்கோ!" என்று கத்தினார்கள். மிதித்தார், செக்கு மாடு போல.

பிறகு கண்டிப் பையனின் கைக்குப் பந்து போனது. ஒஸ்ரேலியாவின் பேர்போன சுழற்பந்துக்காரன் அடிக்க இறங்கியிருந்தான். பையன் அவனை ஆசைகாட்டி முன்னே இழுத்தான். பின்னால் குச்சி பறந்தது. "ஐயோ பாவம், அவுட்டுங்க" என்றது சுடலைமுத்துவின் வாய். கால்கள் அதற்குள் கடிவாளம் அறுத்துக்கொண்டு ஓடின. றேடியோ வீரிட்டது. அதே டைனமோவில் மாட்டியிருந்த சைக்கிளின் முன்விளக்கு வெள்ளையாய் எரிந்து படாரென்று வெடித்தது. முருங்கையில் இருந்த காகங்களெல்லாம் எழும்பிப் பறந்தன.

மாஸ்டர் கதிரையை விட்டு எழுந்து வந்து, குனிந்து, கண்ணாடியைச் சரிசெய்து அந்தக் கால்களைப் பார்த்தார்.

"சுடலைமுத்து, உம்மட வாய் ஒஸ்ரேலியா. கால் சிறிலங்கா."

"கால் என் பேச்சக் கேக்கலீங்க மாஸ்ட்டர். அவன் நம்ம பையனுங்க."

"அவன் எந்தக் கொடிக்கு விளையாடுறான் எண்டு தெரியுமோ? அந்தக் கொடிக்காரன்தான் எங்கட தலையில குண்டு போடுறான்."

"தெரியுமுங்க. இந்தப் பங்கர வெட்டுனதே நான்தானுங்க."

கொள்கைப்படி மாஸ்டர் அங்கிருந்து போயிருக்க வேண்டும். போனால் ஸ்கோர் தெரியாது. கதிரையை நாலு அடி பின்னால் இழுத்துப் போட்டு, முகத்தை வேலிப்பக்கம் திருப்பிக்கொண்டு காதை மட்டும் இங்கே வைத்தார். மற்றவர்கள் அவரைப் பார்த்தார்கள், பிறகு சுடலைமுத்துவைப் பார்த்தார்கள். யாரும் எழும்பவில்லை.

வெற்றிக்கு இருநூற்று நாற்பத்திரண்டு வேண்டிய இலங்கை அடிக்க இறங்கி இருபத்துமூன்றுக்கு இரண்டு பேரை இழந்தது. மண்மேடு ஆரவாரித்தது; முன்பு இருந்த சுருதி அதில் இல்லை. பிறகு ஓட்டங்கள் வரத் தொடங்கின. பொழுதுபட்டது, காமாட்சி குப்பிவிளக்கை ஏற்றினாள். நூறு, நூற்றைம்பது, இருநூறு. சுடலைமுத்து பல்லைக் கடித்து ஒரே சீராக மிதித்தார். திடீரென்று வீரகத்தி கேட்டார்: "எங்களுக்கு இன்னும் எத்தினை வேணும்?"

கேட்டபின் நாக்கைக் கடித்துக்கொண்டார். மாஸ்டர் வேலியில் ஏதோ ஓணானைத் தேடினார்.

"இருபதுங்க" என்றார் சுடலைமுத்து மெதுவாக. சற்றுக் கழித்து யாரோ இருட்டுக்குள்ளிருந்து "இப்ப?" என்றார்கள். "பன்னண்டு." "இப்ப?" "ஏழுங்க." அப்போது மண்மேட்டில் ஒருவரும் உட்கார்ந்திருக்கவில்லை, எல்லோரும் சைக்கிளைச் சுற்றி நின்றார்கள்.

நாலு ஓட்டம் இருக்கையில் வலது காலில் கெண்டை பிடித்தது. "அம்மா!" என்று அலறிச் சரிந்தார் சுடலைமுத்து. றேடியோ செத்தது. நாற்பது பேரும் ஒரே குரலில் கத்திய கத்தலில் இரணைமடுக் குளத்து நாரைகள்கூட விழித்திருக்கும்.

வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு சைக்கிளில் தாவி ஏறியவர் அப்புத்துரை மாஸ்டர். அறுபத்திரண்டு வயது. நிலத்தில் கிடந்த சைக்கிள் சொந்தக்காரரிடம் அனுமதி கேட்கவில்லை. மிதித்த மிதியில் மூக்குக்கண்ணாடி நழுவி விழுந்தது, எடுக்கவுமில்லை. "என்ன சொல்லுறான்? சொல்லும் ஐசே, என்ன சொல்லுறான்?"

காமாட்சி கெண்டையைப் பிடித்து உருவிவிட, வலியில் முகத்தைச் சுளித்தபடியே காதைத் தீட்டினார் சுடலைமுத்து.

"அடிச்சுட்டான் மாஸ்ட்டர். முடிஞ்சுது. கெலிச்சாச்சு."

தட்ட எழுந்த கைகள் எல்லாம் பாதியில் நின்றன. யார் முதலில் என்று ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றபோது, றேடியோவில் வாத்தியங்கள் எழுந்து சிங்களத்தில் தேசிய கீதம் தொடங்கியது. நெருப்பை மிதித்தவர் போல் மாஸ்டர் காலைத் தூக்கினார். ஆனால் அவர் ஏற்றிவிட்ட வேகத்தில் சில்லு தானாகச் சுற்றியது, கீதம் கம்பீரமாகப் போய்க்கொண்டே இருந்தது. மாஸ்டர் இரண்டு கால்களையும் அகட்டி அந்தரத்தில் வைத்துக்கொண்டு திகைத்துப்போய் இருந்தார்.

சுடலைமுத்து நொண்டி நொண்டி வந்தார். சுற்றும் டயரில் வலது உள்ளங்கையை வைத்து அழுத்தினார். கீதம் ஒரு சொல்லின் நடுவில் இழுபட்டு நின்றது. முற்றத்து முகங்களை ஒருமுறை பார்த்துவிட்டு, டயர்க் கரி படிந்த அந்தக் கையை இடது கையோடு சேர்த்து, ஓங்கிப் படபடவென்று தட்டத் தொடங்கினார்.