துரோகியின் கல்யாண பேனர்

காதலும் இல்லாமல் கல்யாணமும் ஆகாமல் திரிகிறவனுக்கு எங்கள் செட்டில் 'மொரட்டு சிங்கிள்' என்று பெயர். அப்படிப்பட்டவர்கள் சேர்ந்த எங்கள் சங்கத்துக்குத் தலைவனாக இருந்தவனுக்குப் பாப்பிரெட்டிப்பட்டியில் கல்யாணம். மண்டப வாசலில் நண்பர்கள் சேர்ந்து பேனர் கட்டினோம். 'சங்கத்தை விட்டு ஓடிய துரோகி' என்ற வாசகம் நான் எழுதியது, மனதார எழுதினேன். சங்கத்தில் மிஞ்சிய ஒரே ஆள் என்பதால், மூலையில் என் படத்தைக் கண்ணீர் வடிவதுபோலப் போட்டுவிட்டார்கள்.

மாலையில் பெண்ணும் மாப்பிள்ளையும் பேனர் முன்னால் செல்பி எடுக்க வந்தார்கள். அவன் நெற்றி வேர்வையை அவள் முந்தானையால் ஒற்றினாள். எனக்கு வயிறு எரிந்தது.

"அண்ணா, நீங்களும் வந்து நில்லுங்க," என்றாள்.

"நான்தான் ஏற்கெனவே அதுல இருக்கறனுங்களே," என்றேன்.

திரும்பி பேனரைப் பார்த்தாள். சிரிக்கவில்லை. என் கண்ணீர் முகம் மறையும்படி அவனை நகர்த்தி நிறுத்தினாள்.

அந்த நல்ல மனசும் அவனுக்கே வாய்த்திருந்தது.