சாமைக் கொல்லையில் ஒரு குழி

எண்பதுகளின் தொடக்கத்தில் மண் வரைபடம் போடும் வேலைக்காக ஜவ்வாது மலையில் சுற்றிக்கொண்டிருந்தேன். பதவி உதவியாளர். சுத்தியல், தண்ணீர் கேன், மண் பை எல்லாம் என் தோளில். திட்டு மட்டும் இலவசம். திட்டுகிறவர் எங்கள் ஆபீசர். விமானத்திலிருந்து எடுத்த படங்களைப் பார்த்து, இது பாறை, இது மண், இது சரிவு என்று முதலில் கோடு போட்டுக்கொள்வோம். பிறகு நேரில் போய் அந்தக் கோடு சரியா என்று பார்க்க வேண்டும். ஜீப்பில் உட்கார்ந்தபடியே பார்த்தாலும் சம்பளம் வரும். இந்த மனுஷன் ஒவ்வொரு கோட்டையும் நடந்தே பார்ப்பார். என் செருப்புகள் தேய்ந்த பாவமெல்லாம் அவரைத்தான் சேரும்.

ஜமுனாமரத்தூருக்கு அப்பால் ஒரு சரிவு. படத்தில் சாம்பல் நிறமாக, வெறும் பாறை போலத் தெரிந்தது. நேரில் பார்த்தால் உழுத கொல்லை! அடியில் என்ன இருக்கிறது என்று பார்க்க அங்கே ஒரு குழி போடாமல் கோட்டை முடிக்க முடியாது என்றார் ஆபீசர். கொல்லைக்குச் சொந்தக்காரி, புருஷன் இல்லாமல் தனியாகப் பயிர் வைக்கும் அம்மா. சாமை விதைக்க இருந்த நேரம். வரப்பில் வந்து நின்றுகொண்டார்.

"எங்க அண்ணன் கொல்லையில போன வருஷம் யாரோ நோண்டிட்டு போனாங்க சாரு. அடியில இருந்த வெள்ள மண்ண மேல போட்டு மூடிட்டாங்க. இன்னும் அந்த எடத்துல பில்லு கூட மொளைக்கல. எனக்கு இருக்கிறது இந்தத் துண்டுதான். இதுவும் போச்சுன்னா நான் இன்னா துன்றது?"

அவர் சொன்னதில் தப்பே இல்லை. வேறு இடம் பார்க்கலாம் என்று நான் மெதுவாக இழுத்தேன். ஆபீசர் என்னைப் பார்க்கவே இல்லை. "எந்த மண்ணு எங்க இருந்ததோ அங்கயே திரும்ப வெக்கிறேம்மா. விதைப்பு தவறினா என்னைக் கேளுங்க" என்றார். அந்த அம்மா வரப்பிலிருந்து விலகி வழிவிட்டார்.

ஆள் மறையும் ஆழத்துக்குத் தோண்டினோம். மேலே ஒரு சாண் கறுத்த மண். அதற்குக் கீழே செங்கல் பொடி போலச் சிவப்பு. அதற்கும் கீழே சிவப்பும் மஞ்சளும் திட்டுத் திட்டாக. அடியில் பாறை. பாறைதான் என்று நான் சத்தியமே செய்திருப்பேன். பாறையில் ஓடும் வரிகூட அப்படியே இருந்தது. ஆபீசர் அதில் ஒரு துண்டை எடுத்து விரலால் நசுக்கினார். மாவாக உதிர்ந்தது. பாறை நின்ற இடத்திலேயே மக்கிப்போய், உருவம் மட்டும் மாறாமல் நிற்கிறது என்றார். நடுவில் ஓர் உருண்டைக் கல். அதன் மேல் தோல் வெங்காயம் போல அடுக்கடுக்காக உரிந்து வந்தது. அப்பேர்ப்பட்ட அழகை நான் கோயிலில்கூடப் பார்த்ததில்லை. அந்த அம்மாவும் குனிந்து பார்த்து, "இத்தினி நாளா இதும் மேலயா ஏர் ஓட்டினேன்" என்றார்.

தோண்டும்போதே ஒவ்வொரு அடுக்கையும் தனித்தனிச் சாக்கில் குவிக்கச் சொல்லியிருந்தார். வெட்டி வேலை என்று நான் முணுமுணுத்தேன். மூட ஆரம்பித்தபோது மேற்கே இருட்டிக்கொண்டு வந்தது. மலைப்பாதையில் மழை பிடித்தால் ஜீப் இறங்காது. வாரித் தள்ளிவிட்டுக் கிளம்பலாம் சார் என்றேன். அவர் சட்டையைக் கழற்றிவிட்டுக் குழிக்குள் இறங்கினார். அடி மண்ணைப் போட்டு மிதித்தார். அடுத்தது, அதற்கடுத்தது. கறுத்த மண்ணை மட்டும் மிதிக்காமல் கையாலேயே பரப்பினார். மழை வந்துவிட்டது. அன்று ஊர்க்காரர் ஒருவர் வீட்டில் நனைந்த கோழிகளாக ஒடுங்கிக் கிடந்தோம். எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. அந்த மனுஷன்மேல் வந்த மரியாதைக்கும்தான்.

சாமை கதிர் விட்டிருந்தபோது மேலதிகாரி ஒருவர் சோதனைக்கு வந்தார். படத்தில் பாறையாகத் தெரியும் இடத்தில் இவ்வளவு ஆழத்துக்குப் பாறை மக்கியிருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்களே, குழி எங்கே என்று கேட்டார். ஆபீசர் தேடினார். நானும் தேடினேன். கொல்லை முழுக்க ஒரே சீராகச் சாமை. ஓர் இடத்தில்கூடப் பயிர் குட்டையாக இல்லை, வெளுக்கவில்லை.

"தோண்டாமலே எழுதிட்டீங்களாய்யா?" என்றார் மேலதிகாரி. எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. வாயைத் திறப்பதற்குள் ஆபீசர் என் கையைப் பிடித்து அழுத்தினார்.

"சரி, இப்ப தோண்டிக் காட்டுங்க."

"கதிர் நிக்குதுங்க சார். அறுப்பு முடியட்டும். அதுவரைக்கும் நான் பொய் எழுதினேன்னே வெச்சுக்குங்க" என்றார் ஆபீசர்.

மேலதிகாரியின் முகம் சிவந்துவிட்டது. அதுவரை வரப்பில் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்த அந்த அம்மா பயிருக்குள் இறங்கினார். நடுக்கொல்லையில் ஓர் ஆள் நீளத்துக்குக் கதிரை இரு கையாலும் ஒதுக்கிப் பிடித்துக்கொண்டு எங்கள் ஆபீசரைப் பார்த்தார்.

"நோண்டிக்கோ சாரு. நீதானே மூடப் போற."