மலர் செய்த இரண்டாவது போன்

கணபதி விசர்ஜனத்துக்கு மறுநாள் காலை, கராடியில் ஒரு வாடிக்கையாளரின் ஆய்வகத்தில் நின்றிருந்தேன். எங்கள் சிறிய நிறுவனம் செய்த ஒளிப்பெருக்கிச் சில்லு தேறினால்தான் ஆர்டர். ஆர்டர் இல்லையென்றால் நிறுவனத்தை மூட வேண்டியதுதான்.

சோதித்தவர் மலர், மராத்தி மண்ணில், கட்கியில் பிறந்து வளர்ந்த தமிழ்ப்பெண். அதுவரை ஒளி கடத்தும் கண்ணாடி இழைகளை மட்டுமே சோதித்தவர். மேலாளரிடம் போனில் "ஃபெயில்" என்று சொல்லிவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"உங்க சிப் பேகார், சுத்த வேஸ்ட், அண்ணா. நூறு மடங்கு சொன்னீங்க, முப்பதுதான் வருது."

"உள்ளே எவ்வளவு ஒளி விடறீங்க?"

"ஃபுல். ஜாஸ்தி விட்டா ஜாஸ்திதானே வரணும்?"

எனக்கு உயிர் வந்தது. இழை வேறு, இது வேறு. இந்தச் சில்லு ஓர் உச்சத்துக்கு மேல் வெளிச்சம் தராது. அதை நெருங்கியதும், உள்ளே ஒளியைக் கூட்டக் கூட்டப் பெருக்கம் குறையும். விளக்கினேன். அவர் ஒளியைக் குறைத்தார். திரையில் நூறு மடங்கு வந்தது.

"அரே தேவா!" என்றவர் மறுபடி போனை எடுத்தார்.

"யாருக்கு?"

"போன வாரம் இன்னொரு கம்பெனி பீஸையும் இப்படித்தான் ஃபெயில் பண்ணேன். திரும்பக் கொண்டு வரச் சொல்லணும்."

அவர்கள் எங்கள் போட்டியாளர்கள். அவர்களுடைய சில்லின் உச்ச வெளிச்சம் எங்களுடையதைவிட அதிகம், திரும்ப வந்தால் ஆர்டர் கைமாறலாம் என்பது எனக்குத் தெரியும். 'முடிஞ்சது, விடுங்க' என்ற பேச்சு நாக்கு நுனிவரை வந்து நின்றது.

"தப்பு என்னுது. அவங்க ஏன் அழணும்?" என்று எண்ணைத் தேடினார் மலர்.

ஆர்டரில் பாதி அவர்களுக்குப் போனது. மீதியில் நாங்கள் பிழைத்துக்கொண்டோம். எனக்குக் கிடைத்த மறுவாய்ப்பை இன்னொருவருக்குக் கிடைக்காமல் செய்ய எவ்வளவு சீக்கிரம் துணிந்தேன் என்று நினைத்தால், இன்றும் கூசுகிறது.