மீட்டருக்கு வைத்த பொட்டு

கொல்லிமலையில் எங்கள் ஊர்ப் பக்கம் ஆயுத பூஜை என்றால் அரிவாள், கடப்பாரை, மிளகு பறிக்கும் ஏணி எல்லாவற்றுக்கும் குளியலும் பொட்டும் உண்டு. அம்மா அதோடு நிற்கிற ஆள் இல்லை. மிக்சிக்கு வைப்பாள், டிவி ரிமோட்டுக்குக்கூட வைப்பாள். அந்த வருஷம் விடுமுறைக்கு முள்ளுக்குறிச்சியில் அம்மாவைப் பெற்ற அப்புச்சி வீட்டுக்குப் போயிருந்தேன். திரும்பி வந்து பார்த்தால், வாசல் சுவரில் இருந்த கரண்ட் மீட்டர் சந்தனம் குங்குமத்தோடு, மஞ்சள் கயிறும் கட்டி, கல்யாணப் பெண் மாதிரி நின்றது. விழுந்து விழுந்து சிரித்தேன்.

கொஞ்ச நாளில் கரண்ட் ஆபீஸ் ஜீப் வந்தது. சோதனைக்கு வந்த அதிகாரி மீட்டருக்கு அடியில் அண்ணாந்து பார்த்தார். அங்கே கம்பியில் கோத்த ஈய சீல் இருக்க வேண்டுமாம். இருந்தது மஞ்சள் கயிறுதான்.

"சீல யாருய்யா அறுத்தது?"

அப்பா அப்போதுதான் மரவள்ளிக் காட்டிலிருந்து வந்து, கால் மண்கூடக் கழுவாமல் நின்றிருந்தார். கயிற்றைப் பார்த்தார். நிலைப்படியில் முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு நின்ற அம்மாவைப் பார்த்தார்.

"நான்தானுங்க," என்றார்.

சீலை அறுத்தால் மீட்டரைத் திறந்து மெதுவாக ஓட வைக்கலாம், கரண்ட் திருடத்தான் அறுப்பார்கள் என்று அதிகாரி ஊருக்கே கேட்கும்படி விளக்கினார். அக்கம்பக்கம் எல்லாம் கூடிவிட்டது. மீட்டரைக் கழற்றி எடுத்துக்கொண்டு போனார்கள். வழக்கும் போட்டார்கள்.

என் மானம் அன்றோடு போயிற்று. வகுப்பில் மின்விசிறி நின்றால், "உங்கப்பன் வந்துட்டுப் போனாராடி?" என்று கேட்டுச் சிரித்தார்கள். வாத்தியாரும் சிரிப்பை அடக்கப் பார்த்ததை நான் பார்த்துவிட்டேன். வழக்கு விசாரணை அன்று பள்ளிக்கூடம் போகவே மாட்டேன் என்று அடம்பிடித்தேன். அப்பா நாமக்கல் கோர்ட்டுக்கு என்னையும் கூட்டிக்கொண்டு போனார்.

பஸ்ஸில் அவர் பக்கத்தில் உட்காரப் பிடிக்காமல் முன் சீட்டுக்குப் போய்விட்டேன். அடிவாரத்துக் காரவள்ளி வரைக்கும் வளைவு வளைவாகப் பஸ் இறங்கியது. கண்டக்டர் வந்தபோது பின்னாலிருந்து அப்பாவின் குரல், "முன்னால இருக்கற புள்ளைக்கும் சேத்துக் குடுங்க." நான் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

கோர்ட் வாசலில் வக்கீல் அப்பாவிடம் கெஞ்சாத குறை. "ஏனுங்க, ஒத்துக்கிட்டா திருட்டுப் பட்டம் நிக்குமுங்க. ஊட்டுக்காரம்மாவக் கூட்டியாந்து நடந்ததச் சொல்லச் சொல்லுங்க. கேஸு நிக்காது."

"அவ இந்தப் படி ஏற வேண்டாமுங்க."

திருடனின் பெண்டாட்டி என்று வந்து நிற்க அம்மாவுக்கு மட்டும் வெட்கமாக இருக்காதா என்று நினைத்துக்கொண்டேன். உள்ளே கூப்பிட்டார்கள். குற்றத்தை ஒத்துக்கொள்கிறாயா என்று நீதிபதி கேட்டார். அப்பா துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, "ஆமாங்க," என்றார். சொல்லும்போது அவர் குரல் கொஞ்சம்கூட இறங்கவில்லை. எனக்கு அதுதான் தாங்கவில்லை.

அபராதம் கட்டினோம். மிளகு மொத்தமும் அதற்கே போயிற்று. புது மீட்டரும் புது சீலும் வந்தன. கரண்ட் திருடன் என்ற பேர் மட்டும் அப்பாவோடு தங்கிவிட்டது.

துருப்பிடித்த கம்பியோடு சாமி கும்பிடக் கூடாதென்று அதை அறுத்துப் போட்டுவிட்டு மஞ்சள் கயிறு கட்டியது அம்மாதான். அது என்ன கம்பி என்று அவளுக்குத் தெரியாது. எனக்குக் கல்யாணமாகி வெகுநாள் கழித்து அவளே சொன்னாள். அப்போது அப்பா உயிரோடு இல்லை.

ஆனால் நான் சொல்ல வந்தது அந்த வழக்குக்கு அடுத்து வந்த ஆயுத பூஜையை. அம்மா எல்லாவற்றுக்கும் பொட்டு வைத்தாள், மீட்டர் பக்கம் மட்டும் போகவில்லை. அப்பா குளித்துவிட்டு வந்து, மீட்டருக்குக் கீழே ஸ்டூலைப் போட்டு ஏறி நின்று அம்மாவைக் கூப்பிட்டார்.

"குங்குமத்தக் கொண்டா புள்ள. நம்ம மேல அதுக்கொண்ணும் கோவமில்ல."

அம்மா தட்டோடு வந்தாள். தட்டை நீட்டியவள் ஏன் மீட்டரை நிமிர்ந்தே பார்க்கவில்லை என்று எனக்கு அன்று புரியவில்லை. அப்பா சீல் மேல் படாமல், பதனமாக ஒரு பொட்டு வைத்தார்.

செய்த திருட்டுக்குப் பூஜை வேறயா என்று எனக்கு உடம்பெல்லாம் கூசியது. யாரும் பார்த்துவிடக் கூடாதென்று ஓடிப்போய் வாசல் படலைச் சாத்தினேன்.